முந்நூற்றுப் பன்னிரண்டாம் வாக்கு

“ஒண்ணே ஒண்ணுதான் சாமி குறையுது,” என்றார் தில்லைநாயகம்.

ஓடைச் சாமி சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

“ஆயிரத்து ஏழு வாக்கு சேத்தாச்சு. இன்னும் ஒண்ணு சொன்னீங்கன்னா ஆயிரத்தெட்டு. அச்சகத்துக்காரர் தினமும் போன் போட்டு உசிரை வாங்குறார். வர்ற பௌர்ணமிக்குப் புத்தக விழா. ஓய்வுபெற்ற ஜட்ஜ் அய்யா வந்து வெளியிடறேன்னு ஒத்துக்கிட்டார். நீங்க என்னடான்னா மூணு மாசமா வாயே திறக்க மாட்டேங்கிறீங்க.”

“இன்னும் அரைப்படி வெங்காயம் கிடக்கு,” என்றார் சாமி.

தில்லைநாயகத்தின் கை சட்டைப்பையில் இருந்த பேனாவுக்குப் போனது.

“பாத்தீங்களா தமிழய்யா? இதுக்குத்தான் நான் பேசறதில்ல.”

சாமி மறுபடி குனிந்துகொண்டார்.

இந்த இரண்டு பேரையும் பற்றி முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அப்புறம் யார் குரு, யார் சீடர் என்று என்னைக் கேட்கக்கூடாது.

சாமிக்கு நாற்பத்தெட்டு வயது. முன்னே லாரி பட்டறையில் வேலை பார்த்தவர். என்ன வெறுப்போ, ஒருநாள் கிரீஸ் கையோடு கிளம்பி மலையடிவாரத்து ஓடைக்கரையில் வந்து உட்கார்ந்துவிட்டார். ஒரு கூரை, ஒரு பசு, ஒரு நாய். வருகிறவர்கள் கஷ்டத்தைச் சொல்வார்கள். இவர் தனக்குத் தோன்றியதைச் சொல்வார். சிலருக்குப் பலித்தது. போதாதா? சாமி ஆக்கிவிட்டார்கள்.

தில்லைநாயகத்துக்கு அறுபத்தாறு. ஓய்வுபெற்ற தமிழாசிரியர். முப்பத்திரண்டு வருஷம் கரும்பலகையின் மூலையில் தினம் ஒரு பொன்மொழி எழுதிப் போட்ட மனுஷன். ஒரு பிள்ளையாவது அதைப் படித்ததா என்றால் இல்லை. யார் அழிப்பது என்று மட்டும் தினம் சண்டை நடக்கும்.

அந்த ஆற்றாமையோடுதான் ஓடைக்கரைக்கு வந்தார். இங்கே ஜனங்கள் வாயைப் பிளந்து கேட்டார்கள். மனுஷன் விடுவாரா? நோட்டை எடுத்தார். பதினோரு வருஷம் ஆகிறது, இன்னும் கீழே வைக்கவில்லை.

சாமி பேசுவது பட்டறைப் பேச்சு. அதைத் தில்லைநாயகம் சீவி, செதுக்கி, இலக்கணச் சுத்தமாக்கி எழுதுவார். ‘செப்பம் பண்ணுவது’ என்று அதற்குப் பேர். பிறகு அந்த வாக்குகளை முத்து முத்தான கையெழுத்தில் சீட்டுகளாக எழுதி ஒரு மண்பானையில் போட்டு வைத்தார். வாக்குப் பானை. சாமியைப் பார்க்க முடியாதவர்கள் பானையில் கையை விட்டு ஒரு சீட்டு எடுத்துக்கொண்டு போகலாம்.

வெள்ளிக்கிழமைகளில் சாமியைவிடப் பானைக்குத்தான் கூட்டம்.

சாமி தடுத்திருக்கலாம். தடுக்கவில்லை. கூரை ஓடாயிற்று, ஓடு தளமாயிற்று, மடம் என்று பேரும் ஆயிற்று. அவரும் பேசாமல்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அவரை நான் தப்பவிட மாட்டேன்.

அன்றைக்கும் வெள்ளிக்கிழமை. கூட்டம் வர இன்னும் நேரம் இருந்தது.

ஒரு அம்மாள் மட்டும் வேகமாக வந்தாள். ஐம்பது வயதிருக்கும். பக்கத்து ஊர்த் திராட்சைத் தோட்டத்தில் கூலி வேலை செய்யும் சுருளியம்மாள். வந்தவள் கும்பிடவில்லை. இடுப்பில் செருகியிருந்த ஒரு சீட்டை எடுத்துத் தரையில் எறிந்தாள். பளபளவென்று பிளாஸ்டிக் உறை போட்ட சீட்டு.

“அம்மா, அது சாமி வாக்கு,” என்று பதறினார் தில்லைநாயகம். “தரையில போடக் கூடாது.”

“அப்படியா? என் மகளைத் தரையில போட்டு மிதிச்சானே, அது கூடுமா?”



சாமி கத்தியைக் கீழே வைத்தார். “உக்காரும்மா. என்ன நடந்துச்சு?”

“உக்கார வரல. என் மக தவமணி. புருஷன்காரன் கை நீட்டுறவன். கட்டிக்கிட்டுப் போன நாள்ல இருந்து அடி. போன ஆடி வெள்ளியன்னைக்கு, இனிமே முடியாது ஆத்தான்னு பையைக் கட்டிக்கிட்டு அங்கிருந்து கிளம்பிட்டா. கிளம்புனவ நேரா என் வீட்டுக்கு வர வேண்டியதுதானே? போற வழியில சாமிகிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போவோம்னு இங்க இறங்கியிருக்கா. என் தலையெழுத்து.”

“நான் பாக்கலையேம்மா.”

“நீங்க மாட்டாஸ்பத்திரிக்குப் போயிட்டீங்களாம். பானைதான் இருந்துச்சு. கையை விட்டா. இதை எடுத்தா. படிச்சிட்டு ஒரு மணி நேரம் இங்கனயே உக்காந்திருந்தாளாம். அடுத்த பஸ்ஸுல அவன்கிட்டயே திரும்பிப் போயிட்டா.”

முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

“கார்த்திகையில மணிக்கட்டை முறிச்சான். போன வாரம் செவுள்ள அறைஞ்சதுல இடது காது போச்சு. இனிமே கேக்காதுன்னு டாக்டர் சொல்லிட்டார். ‘வாடி என்கூட’ன்னா, இந்தச் சீட்டை எடுத்துக் காட்டுறா. நில்லுன்னு சாமி சொல்லியிருக்காராம். இன்னைக்கு நாலு மணிக்கு ஆஸ்பத்திரியில அவளை விடுறாங்க. அவன் வந்து கூட்டிக்கிட்டுப் போறானாம். இவளும் போறாளாம். இந்தத் தடவை போனா அடுத்து பொணமாத்தான் எங்கிட்ட வருவா.”

சாமியைப் பார்த்தாள். அப்புறம் தில்லைநாயகத்தைப் பார்த்தாள்.

“சொல்றவங்களுக்கு வாய்ச்சொல்லு. செய்யறவளுக்குத்தானே தலைச்சுமை.”

இதெல்லாம் தில்லைநாயகத்தின் காதில் விழுந்ததா என்றால், விழுந்தது. ஆனால் அவர் கண் சீட்டின் மேல் இருந்தது. தன் கையெழுத்து பிளாஸ்டிக்குக்குள் எவ்வளவு அழகாக இருக்கிறது என்று ஒரு நொடி நினைத்துவிட்டார். பாவி மனுஷன். அந்த ஒரு நொடிக்காக அவர் பின்னால் எத்தனையோ நாள் அழுதார், அது வேறு விஷயம்.

சாமி சீட்டை எடுத்து வாய்விட்டுப் படித்தார்.

“ஓடுபவரையே துன்பம் துரத்தும். நின்றவரிடம் அது தானே அடங்கும்.”

இரண்டு தரம் படித்தார்.

“இது நான் சொன்னதா?”

“முந்நூத்திப் பன்னிரண்டாம் வாக்கு சாமி,” என்றார் தில்லைநாயகம். “எல்லாருக்கும் ரொம்பப் பிடிச்ச வாக்கு.”

“ஓடுபவரையே-ங்கிறது என் வாயில வராதே தமிழய்யா.”

“கொஞ்சம் செப்பம் பண்ணியிருக்கேன்.”

“யாருக்குச் சொன்னேன்?”

“எல்லாருக்கும்தான் சாமி.”

“எல்லாருக்கும்னு நான் எதுவும் சொன்னதில்ல. எதிர்ல நிக்கிறவருக்குத்தான் சொல்லியிருக்கேன்.”

தில்லைநாயகத்தின் கை பேனாவுக்குப் போனது.

சுருளியம்மாள் அந்தக் கையைப் பார்த்தாள்.

கை இறங்கியது.

“அன்னைக்கு எதிர்ல நின்னது யாரு?” என்றார் சாமி.

தில்லைநாயகம் உள்ளே போய்ப் பழைய நோட்டுகளை அள்ளிக்கொண்டு வந்தார். புரட்டினார். வாக்கு இருந்தது. தேதி இருந்தது. அடிக்கோடு, அதுவும் சிவப்பு மையில், இருந்தது. யாருக்கு என்பது இல்லை.

சாமி கண்ணை மூடிக்கொண்டார். நினைவைத் துழாவுகிற முகம். திடீரென்று அந்த முகம் கறுத்துப்போயிற்று.

“ஜெயசீலன்,” என்றார். “போஸ்ட்மேன் ஜெயசீலன். ஐயையோ.”

எழுந்தார். வெங்காயத்தோல் மடியிலிருந்து கொட்டியது.

“தமிழய்யா, நீங்க நேரா போஸ்டாபீஸுக்குப் போங்க. அவர்கிட்ட இதைக் கேளுங்க. கேட்டுட்டு ஆஸ்பத்திரிக்கு வந்துருங்க. நான் இந்தம்மாவோட முன்னால போறேன்.”

“பானை சாமி? இன்னைக்கு வெள்ளிக்கிழமை, கூட்டம் வருமே.”

சாமி செருப்பைத் தேடினார்.

*

தபால் கொடுக்கப் போயிருந்த ஜெயசீலன் மத்தியானம் தாண்டித்தான் திரும்பி, தபால்களில் முத்திரை குத்த உட்கார்ந்தார். ஓய்வுபெற இன்னும் ஒரு வருஷம் பாக்கி.

“அடடே, தமிழய்யாவா! வாங்க சார். என்ன இவ்வளவு தூரம்?”

தில்லைநாயகம் வாக்கைச் சொன்னார். “இது சாமி உங்களுக்குச் சொன்னதாம். உங்களுக்கு அப்போ என்ன துன்பம்?”

“எனக்கா? எனக்கு என்ன சார் துன்பம்?” ஜெயசீலன் யோசித்தார். “ஓடுனா தொரத்தும், நின்னா அடங்கும்…” முத்திரைக் கட்டையை டொக்கென்று வைத்துவிட்டுச் சிரித்தார். “அட, நாயைச் சொல்றீங்களா?”

“எந்த நாய்?”

“உங்க மடத்துச் செவலை நாய் சார். இப்ப செத்துப்போச்சே, அது. நான் சைக்கிளை விட்டு இறங்குனாலே போதும், ஓடை வரைக்கும் தொரத்தும். காக்கிச் சட்டையைக் கண்டாலே ஆகாது அதுக்கு. சாமி, என்ன செய்யன்னு கேட்டேன். ‘ஓடாதீங்க, ஓடுனாத்தான் தொரத்தும். அப்படியே நில்லுங்க, தானா அடங்கிரும்’னார். நீங்கதான் பக்கத்துல உக்காந்து எழுதிக்கிட்டு இருந்தீங்களே?”



நாய். எழுதும்போது ‘நாய்’ என்ற சொல் அவருக்கு உறுத்தியிருந்தது. ஒரு ஞானியின் வாக்கில் நாய் எதற்கு என்று எடுத்துவிட்டு, அந்த இடத்தில் ‘துன்பம்’ என்று போட்டார். போட்டதும் வாக்கு எவ்வளவு எடுப்பாகிவிட்டது! அன்றைக்கு முழுக்க அதையே முணுமுணுத்துக்கொண்டு திரிந்தார்.

“அப்புறம்?” என்றார்.

“மறுநாள் நின்னேன்.”

“அடங்குச்சா?”

ஜெயசீலன் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

“என்ன சார் கேக்குறீங்க? கெண்டைக்காலைக் கவ்வி ஒரு உலுக்கு உலுக்கிருச்சு. அஞ்சு ஊசி. ஓடியிருந்தாலாவது தப்பிச்சிருப்பேன். நொண்டிக்கிட்டே வந்து சாமிகிட்ட காட்டினேன். பாவம், பதறிப்போயிட்டார். ‘தப்பாச் சொல்லிட்டேன் ஜெயசீலன், மன்னிச்சுக்கங்க’ன்னு தண்ணி கொண்டாந்து அவர் கையாலயே காலைக் கழுவி விட்டார். அப்பவும் நீங்க பக்கத்துலதான் சார் இருந்தீங்க.”

முத்திரைக் கட்டையை மறுபடி கையில் எடுத்தார்.

“அதை எழுதலையா சார்?”

எழுதவில்லை.

இப்போது எல்லாம் நினைவு வந்தது. ரத்தம், சொம்பு, குனிந்து கால் கழுவிய சாமி, எல்லாம். இதில் எழுத ஒன்றும் இல்லை என்று பேனாவை மூடி வைத்ததும் நினைவு வந்தது.

தில்லைநாயகம் தலையில் அடித்துக்கொண்டார். வெளியே ஸ்டாம்ப் வாங்க நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

“ஜெயசீலன், ஒரு உபகாரம் பண்ணணும். என்னோட ஆஸ்பத்திரிக்கு வரணும். இப்பவே.”

“யாருக்கு என்ன சார்?”

“உங்களைக் கடிச்ச நாய் இன்னும் ஒருத்தியை விடல.”

ஜெயசீலனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஆனாலும் பெரியவர் அழுவதைப் பார்த்துவிட்டு, போஸ்ட்மாஸ்டரிடம் இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு மொபெட்டை எடுத்தார்.

*

ஆஸ்பத்திரி வராந்தாவில் சாமி தரையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் சுருளியம்மாள். மணி மூன்று தாண்டிவிட்டது.

“சொன்னீங்களா சாமி?” என்றார் தில்லைநாயகம்.

“சொன்னேன்.”

“கேட்டாளா?”

சாமி கசப்பாகச் சிரித்தார். அப்படி அவர் சிரித்து தில்லைநாயகம் பார்த்ததில்லை.

“போகாத தாயீன்னேன். ‘என்னைச் சோதிக்கிறீங்க சாமி, நான் உறுதியாத்தான் நிக்கிறேன்’ங்கிறா. அது நாயைப் பத்திச் சொன்னதும்மா, நிஜ நாயின்னேன். கையெடுத்துக் கும்பிடறா. ‘புரியுது சாமி, நாயின்னா என் ஆங்காரந்தானே, அதை அடக்கணும்னு சொல்றீங்க’ங்கிறா.”

“ஐயோ.”

“இனி நான் நாயின்னா அது நாயில்ல, தண்ணின்னா தண்ணியில்ல. பதினோரு வருஷத்துல என்னை அப்படி ஆக்கிட்டீங்க. நானும் ஆக விட்டேன். என்னால ஆகாது தமிழய்யா. நீங்க போய்ச் சொல்லுங்க.”

தில்லைநாயகம் உள்ளே போனார்.

ஓரத்துக் கட்டில். தவமணி சன்னல் பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தாள். தலையைச் சுற்றி, இரண்டு காதையும் மறைத்துக் கட்டு. முப்பது வயதுகூட இருக்காது. பை தயாராக மடியில் இருந்தது.

பெரியவர் கட்டிலுக்கு இந்தப் பக்கம் நின்று தொண்டையைச் செருமிக்கொண்டார். மேடையில் பேசிப் பழகிய வாய் அல்லவா, ஆரம்பமே செந்தமிழாக இருந்தது.

“அம்மா, எந்தச் சொல்லும் அது பிறந்த சூழலோடுதான் பொருள் கொள்ளத்தக்கது. அச்சூழலை நீக்கிய பிழை அடியேனுடையது…”

அவள் திரும்பவில்லை.

கோபம் என்று நினைத்தார். நியாயமான கோபம்தானே என்றும் நினைத்தார். தொடர்ந்து பேசினார். தன் ஆசையைச் சொன்னார், அகந்தையைச் சொன்னார், கரும்பலகையைச் சொன்னார், ஆயிரத்தெட்டைச் சொன்னார். பேசப் பேச அழுகை வந்தது. தன் வாழ்நாளிலேயே இவ்வளவு உண்மையாகப் பேசியதில்லை என்று அவருக்கே தோன்றியது. கடைசியில், “என்னை மன்னிப்பாயா தாயே?” என்று கை கூப்பினார்.

அவள் தற்செயலாகத் திரும்பினாள். பக்கத்தில் ஒரு பெரியவர் அழுதுகொண்டு நிற்பதைப் பார்த்துத் திடுக்கிட்டாள்.

“எப்ப வந்தீங்க அய்யா? ஏதும் சொன்னீங்களா? இந்தப் பக்கம் வந்து சொல்லுங்க. அந்தக் காது கேக்காது.”

காலையில் சுருளியம்மாள் சொன்னாள். இடது காது என்று தெளிவாகச் சொன்னாள்.

தில்லைநாயகம் கட்டிலைச் சுற்றிக்கொண்டு மறுபக்கம் போனார். நாலு எட்டுதான். அதற்குள் அவரிடமிருந்த நல்ல தமிழெல்லாம் தீர்ந்துபோயிற்று.

“அந்தச் சீட்டு எழுதுனவன் நான்தான்மா.”

“தமிழய்யாவா? உங்க கையெழுத்து எவ்வளவு அழகு!”

“அதைச் சொல்லாத. நான் சொல்றதைக் கேளு. அது சாமி ஒரு போஸ்ட்மேனுக்கு நாயைப் பத்திச் சொன்னது. நாயின்னா நாய்தான்மா. செவலை நாய். நாலு காலு, ஒரு வாலு. ஆங்காரமும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. ஓடாதீங்க, நாய் தொரத்தும்னு சொன்னார். நான்தான் நாயை எடுத்துட்டு துன்பம்னு போட்டேன். கேக்க நல்லா இருக்கும்னு போட்டேன்.”

அவள் அவரையே பார்த்தாள்.

“உனக்குன்னு யாரும் எதுவும் சொல்லல தாயீ. நீ யாருன்னே எனக்குத் தெரியாது.”

அடுத்த கட்டில்காரியின் குழந்தை எதற்கோ சிணுங்கியது.

“அந்த நாய் அடங்குச்சா?” என்றாள் தவமணி.

தில்லைநாயகம் வாசலைப் பார்த்தார். ஜெயசீலன் உள்ளே வந்தார். குனிந்து காக்கிப் பேண்ட்டை முழங்கால் வரை சுருட்டிவிட்டார்.

கெண்டைக்காலில் நாலு பல் பதிந்த தழும்பு. ஒரு துண்டுச் சதையே அங்கே இல்லை.

தவமணி அந்தக் காலைப் பார்த்தாள். தன் மணிக்கட்டைப் பார்த்தாள். எலும்பு கோணலாகக் கூடியிருந்த மணிக்கட்டு.

“அம்மா எங்க?” என்று கேட்டாள்.

நாலு மணிக்குக் கொஞ்சம் முன்னால் அவன் வந்தான். தவமணியின் புருஷன். வெள்ளை வேட்டி, நெற்றியில் விபூதி, கையில் ஆப்பிள் பை. பார்த்தால் யாரும் பெண் கொடுப்பார்கள். வராந்தாவில் சாமியைக் கண்டதும் செருப்பைக் கழற்றிவிட்டு நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான்.

“சாமியே வந்துட்டீங்களா! எங்க குடும்பம் ஓடறதே உங்க வாக்காலதான் சாமி. அந்தச் சீட்டு கசங்கிரக் கூடாதுன்னு நான்தான் கடையில குடுத்து லேமினேசன் பண்ணிக் குடுத்தேன். தினம் காலையில அவளைப் படிக்கச் சொல்லுவேன்.”

சாமி காலை இழுத்துக்கொண்டார்.

அவன் எழுந்திருப்பதற்குள் தவமணி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு வராந்தாவில் இறங்கியிருந்தாள்.

“ஏய், எங்க போற? நில்லு!” என்றான்.

அவள் நிற்கவில்லை.

அவன் பாய்ந்தான். ஜெயசீலன் குறுக்கே போய் நின்றார். பின்னாலேயே சாமியும் போய் நின்றார். பட்டறையில் இரும்படித்த தோள், அது இன்னும் மறக்கவில்லை. காவலாளி விசிலை ஊதினான், நர்ஸ் போலீசைக் கூப்பிடுவேன் என்று கத்தினாள், நாலு பேர் கூடினார்கள். அவன் ஆப்பிள் பையோடு அங்கேயே நின்று கெட்ட வார்த்தையில் திட்டினான்.

தில்லைநாயகம் ஆட்டோ வரைக்கும் கூடவே போனார். தவமணி ஏறி உட்கார்ந்துவிட்டாள். வண்டி கிளம்புகிற நேரம், வெளியே தலையை நீட்டினாள். நல்ல காது அவர் பக்கம் இருந்தது.

“அய்யா, அந்தச் சீட்டு மொத்தம் எத்தனை எழுதினீங்க?”

ஆட்டோ போய்விட்டது.

*

பொழுது சாயும் நேரத்துக்கு மடத்துக்குத் திரும்பினார்கள்.

கூட்டம் வந்து போயிருந்தது. சாமி இல்லாவிட்டால் என்ன, பானைதான் இருந்ததே. வாசலெல்லாம் பூ, எலுமிச்சம்பழம், கற்பூரக் கரி.

தில்லைநாயகம் பானையைத் தூக்கித் தலைகீழாகக் கவிழ்த்தார். சீட்டுகள் மணலில் கொட்டின. மண்டி போட்டு ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்தார். முந்நூற்றுப் பன்னிரண்டு எல்லாருக்கும் பிடித்த வாக்கு என்று அதை மட்டும் அவர் நாற்பது சீட்டு எழுதியிருந்தார். அதில் பத்தை நேற்றுத்தான் புதிதாகப் போட்டார். இப்போது பானையில் நாலு இருந்தது.

நாலையும் தனியாக எடுத்து வைத்தார். தவமணியுடையதைப் பக்கத்தில் வைத்தார். திரும்பத் திரும்ப எண்ணினார்.

சாமி காலையில் விட்ட இடத்தில் உட்கார்ந்திருந்தார். பாதி உரித்த வெங்காயம் வாடிக் கிடந்தது.

“ஒண்ணு குறையுதுன்னீங்களே தமிழய்யா,” என்றார்.

“முப்பத்தஞ்சு, சாமி.”

“யாரு யாரு கையில இருக்கு?”

தில்லைநாயகம் நோட்டை எடுத்தார். புரட்டினார். அடுத்த நோட்டை எடுத்தார். பதினோரு வருஷத்து நோட்டுகள். முத்து முத்தான கையெழுத்து, எண் போட்டு, அடிக்கோடு போட்டு, ஒரு அடித்தல் திருத்தல் இல்லாமல். எதிலும் ஒரு பெயர்கூட இல்லை.

“பேனாவை எடுங்க,” என்றார் சாமி.

எடுத்தார்.

“தவமணி.”

எழுதினார். எழுத்து கோணிப்போயிற்று.

“அடுத்தது யாரு?” என்றார் சாமி.